ஏரிக்கு அடியில பேசுற பாஷை

எனக்கு ரெண்டு பாஷை தெரியும். ஒண்ணு தமிழ். இன்னொண்ணு நோம்ரா. நோம்ரா பேசுறவங்க அப்போ உலகத்துலயே ரெண்டே பேருதான், நானும் என் மச்சானும். மச்சான்னா சொந்தம் இல்ல, எதிர் வூட்டுக்காரன். அவன் இன்ஜினியரிங் ரெண்டாவது வருஷம். நான் திருமுடிவாக்கத்துல ஒரு கம்பெனில டிரில்லிங் மிஷின்ல நின்னுகினு இருந்தேன். பத்தாவது ரெண்டு தபா எழுதுனேன், ரெண்டு தபாவும் பேப்பர் திருத்துனவருக்கு என் அறிவு எட்டல.

மேடவாக்கம் பக்கம் ஒரு ஏரி. பாதில பிளாட்டு கல்லு நட்டுட்டானுங்க, மீதி காஞ்சு கெடந்துச்சு. ஒரு ஞாயித்துக்கிழம அது மேல நடந்துகினு இருக்கசொல்ல மச்சான் திடீர்னு சொன்னான்.

"மேல இருக்கிறவங்களுக்குத்தான் ஏரி போச்சுடா. அடியில ஒரு நாடு இருக்கு. அவங்க அப்படியேதான் இருக்காங்க."

"எனக்கு அந்த நாட்டுல இன்னா உத்தியோகம்?"

"மழை வருதான்னு தலைய மேல நீட்டிப் பாக்குறவன்."

"சம்பளம்?"

"மீனு."

"தலையா, நடுத்துண்டா?"

நான் சும்மா ஓட்டுனேன். அவன் சீரியஸா ஒரு லாங்சைஸ் நோட்டு வாங்கிட்டான். அந்த நாட்டு மேப்பு, ராஜா, கல்யாணம், கருமாதி எல்லாம் எழுதுனான். அப்புறம் அவங்க பேசுற பாஷை. நோம்னா தண்ணி. தலுன்னா அசையாம நிக்கிறது. ஒபான்னா கண்ணு. ராக்முன்னா பெரிய மனுஷன். இப்படியே ரெண்டு வருஷம் எழுதினே இருந்தான்.

நான் மிஷின் மேல சாக்பீஸ்ல எழுதி வச்சு மனப்பாடம் பண்ணேன். சூப்பர்வைசர் வந்து, "இன்னாய்யா அளவு இது?"ன்னாரு. "புது டிராயிங் சார்"ன்னேன். தலைய ஆட்டிகினு போயிட்டாரு.

அந்த ஜனங்களுக்கு ஒரு பழக்கம் உண்டு. ஒருத்தர ஒரு வேலை செய்யச் சொல்லணும்னா, மொதல்ல உள்ளங்கைய தரையில வைக்கணும். மண்ணுக்கும் கேட்டாத்தான் அது நெஜப் பேச்சு. கை வைக்காம சொன்னா கலாய்க்கிறாங்கன்னு அர்த்தம், யாரும் எழுந்திருக்கவே மாட்டாங்க. நான் ஒரு நாளும் கை வச்சது கெடையாது. நான் பேசுறது எல்லாமே கலாய்தானே.

அவன் காலேஜ்ல கல்ச்சுரல்ஸ் வந்துச்சு. ஸ்டேஜ்ல சொந்தமா ஒரு உலகத்த காட்டணும், பத்து நிமிஷம், வெளி ஆளும் சேரலாம்னு நாங்க ரெண்டு பேரும் பேரு குடுத்தோம். கிளாஸ் பசங்க அவன ஏற்கெனவே லூசுன்னுதான் கூப்பிடுவானுங்க. பஸ்ல போகசொல்ல மச்சான் நோட்ட மடில வச்சுகினு சொன்னான்.

"இன்னிக்கு இது பாஷையே இல்லன்னு சொல்லிட்டாங்கன்னா, இத கிழிச்சு அந்த ஏரியிலயே போட்டுருவேன். அப்புறம் இதப் பத்தி எங்கிட்ட பேசாத."

அவன் செய்வான். கணக்கு தப்பா வந்துச்சுன்னு ஒரு தபா கால்குலேட்டரையே மாடிலேர்ந்து போட்டவன். நான் அதுக்கு அப்புறம் பஸ்ல ஜோக்கே அடிக்கல.

ஸ்டேஜ்ல அஞ்சு நிமிஷம் நோம்ராலயே பேசுனோம். கீழ ஒரே சிரிப்பு. ஜட்ஜு ஒரு சாரு, மூக்குக்கண்ணாடி, மடிப்பு கலையாத சட்டை. மைக்க வாங்குனாரு.

"வாயில வர்றத உளர்றீங்க. இதுக்கு ரெண்டு பேரு எதுக்கு?"

"உளறல் இல்ல சார், பாஷை"ன்னான் மச்சான்.

"அப்ப டெஸ்ட் பண்ணிடலாமா?"

மச்சான வெளிய அனுப்பி கதவ சாத்துனாங்க. சாரு ஒரு சீட்டுல எழுதி எங்கிட்ட குடுத்தாரு. 'ஜட்ஜோட கண்ணாடிய கழட்டி நீ மாட்டிக்க.' அத அவன்கிட்ட நோம்ரால சொல்லணும். "ஜாடை கூடாது. கைய பின்னாடி கட்டிக்கோ"ன்னாரு.

ஏரிக்கு அடியில எவன் கண்ணாடி போடுறான்? அந்த வார்த்தையே நோட்டுல கெடையாது. மச்சான் உள்ள வந்து நின்னான். நான் யோசிச்சு யோசிச்சு சொன்னேன்.

"ராக்மு ஒபா நோம்தலு தீகா. ஹூமே."

பெரிய மனுஷன் கண்ணுல அசையாம நிக்கிற தண்ணி, எடு. மாட்டிக்க.

மச்சான் என்னையே பாத்தான். நகரல. மறுபடியும் சொன்னேன். மொறைக்கிறான். கீழ விசில் பறக்குது. சாரு வாட்ச்ச பாத்துட்டு, "போதும்பா"ன்னாரு. மச்சான் நோட்ட ரெண்டு கையால புடிச்சான் பாரு, கிழிக்கப் போறான்னு தெரிஞ்சுபோச்சு.

அப்பதான் எனக்கு உறைச்சுது. நான் இன்னும் தரையத் தொடல. கைய கட்டிகினு எங்கேர்ந்து தொடறது? அப்படியே மண்டி போட்டேன். குனிஞ்சு கன்னத்த ஸ்டேஜ் பலகைல அழுத்துனேன். தூசி வாயில போவுது. கத்தி சொன்னேன்.

"ராக்மு ஒபா நோம்தலு தீகா! ஹூமே!"

மச்சான் நோட்ட சட்டைக்குள்ள சொருகிகினு படி எறங்குனான். நேரா சாரு முன்னாடி போனான், ரெண்டு கையால மெதுவா கண்ணாடிய கழட்டுனான், தன் மூக்குல மாட்டிகினான். ஹால்ல கூர பிச்சுகினு போற மாதிரி சத்தம். லூசுன்னு சொன்னவனுங்களே சேர் மேல ஏறிட்டானுங்க.

அப்புறமா வூட்டுக்கு வர்ற பஸ்ல கேட்டேன், "ஏண்டா மொதல்லயே எடுக்கல? புரியலையா?"

"புரிஞ்சுது. ஜட்ஜு கண்ணாடிய கழட்டச் சொல்ற. நீ கலாய்க்கிறன்னுதான் நெனச்சேன். நீ எப்பயும் அந்த மாதிரிதானே சொல்லுவ?"



ஆனா அந்த நேரம் ஹால்ல சாருக்கு கண்ணாடி இல்லாம ஒண்ணும் தெரியல. "தம்பி, குடுப்பா"ன்னு கைய நீட்டுனாரு. மச்சான் ராஜா மாதிரி நிக்கிறான். நான் மைக்குல சொன்னேன், "சார், தமிழ்ல கேட்டா குடுக்க மாட்டான். 'தீமா'ன்னா திருப்பிக் குடு, அப்படிக் கேளுங்க. கைய தரையில வைங்க." அந்த மனுஷன், சும்மா சொல்லக் கூடாது, சிரிச்சுகினே குனிஞ்சு உள்ளங்கைய வச்சு, "தீமா!"ன்னாரு. பின்னாடி மொத்த ஹாலும் "தீமா! தீமா!"

ஃபர்ஸ்ட் பிரைஸ் எங்களுக்குத்தான். நோட்டு மச்சான் சட்டைக்குள்ள பத்திரமா வூடு வந்து சேந்துச்சு.

மறு வாரமே அவன் கிளாஸ் பசங்க ஏழெட்டு பேரு வந்து நோம்ரா கத்துக்குடுன்னு நின்னானுங்க. மொத கேள்வியே, "மச்சி, இதுல கெட்ட வார்த்தை இன்னா?" மச்சான் முழிச்சான். ரெண்டு வருஷத்துல அவனுக்கு அது தோணவே இல்ல. மெதுவா என் பக்கம் திரும்பி, நோட்ட நீட்டி, பேனாவ குடுத்தான்.

ஞாயித்துக்கிழமை லீவு. உக்காந்து மூணு பக்கம் எழுதுனேன்.