உச்சிக்குப் போன தகடு

பெயின்ட் கடை வைத்திருந்த மைத்துனனுக்கு, சரக்கு வாங்கிய வகையில், போர்டுக்காரர் எட்டாயிரம் கடன்பட்டிருந்தார். மூன்றாம் வகுப்பைத் தாண்டாத மனிதர். ஆனாலும் ஊரில் பாதிக் கடைகளின் பெயர்ப்பலகை அவர் கைவண்ணம்தான். அதைச் சொல்லி அவருக்கு வாய் வலித்ததே இல்லை.

மாகாண அணிகள் மோதும் தேசிய விளையாட்டுப் போட்டியில் பதக்கப் பட்டியல் பலகையும் அவர் பொறுப்புக்கு வந்தது. ஒலிபெருக்கியில் அறிவித்த பிறகு, அணிப்பெயர் எழுதிய தகடுகளை வரிசைப்படி கொக்கிகளில் மாற்றி மாட்ட வேண்டும். கூலி எட்டாயிரம். மைத்துனன் வாயை அடைக்க அது போதும்.

கடைசி நாள் தொடர் ஓட்டத்தில் சொந்த மாகாண அணி முந்தி வந்தது. இந்தத் தங்கத்தோடு பட்டியலில் முதலிடம்.

"நானே கண்ணால பாத்தாச்சு, இதுக்கு மேல அவங்க என்னத்த சொல்றது!" என்று ஏணியில் ஏறித் தகட்டை உச்சியில் மாட்டினார். மைதானமே எழுந்து ஆடியது.

பிறகுதான் ஒலிபெருக்கி பேசியது. ஓட்டக்காரர்கள் கைக்குக் கை கொடுக்கும் கோலை, எல்லைக்கோட்டுக்கு வெளியே கைமாற்றியதால் அந்த அணியின் ஓட்டம் செல்லாது.

அவர் மறுபடி ஏறினார். கீழே கூட்டம் ஏசியது. காதில் எதுவும் ஏறவில்லை. கைதான் தகட்டை இறக்கி இரண்டாம் கொக்கியில் மாட்டியது. அவசரப்பட்டதற்குப் போட்டி அதிகாரி பாதிக் கூலியைப் பிடித்துக்கொண்டார்.

மைதான வாசலில் மைத்துனன் நின்றான். "என்ன மாமா, தங்கம் குடுக்கறதும் இப்ப நீங்கதானாமே?"

எப்போதும் ஒன்றுக்கு நாலாகத் திருப்பிக் கொடுப்பவர், வாயே திறக்காமல் நாலாயிரத்தையும் தாள் தாளாக அவன் உள்ளங்கையில் எண்ணி வைத்தார். எண்ணி முடித்த பிறகும் அந்தக் கை மூடவில்லை.