செத்தவர்களுக்கு முன்னால் வருகிற பாட்டு

அமெரிக்காவின் கென்டக்கி மலைகளுக்கு நடுவே கேனி ஃபோர்க் என்ற ஊரில் வெர்ஜில் டாக்கெட்டைத் தெரியாதவர்கள் நிறையப் பேர் உண்டு. அவருடைய பாட்டைத் தெரியாதவர் ஒருவர் கிடையாது. முப்பது வருஷம் கன்ட்ரி என்கிற அமெரிக்க நாட்டுப்புறப் பாட்டு பாடி இந்த அளவுக்குப் புகழடைந்தவர் அந்த மாவட்டத்திலேயே அவர் ஒருவர்தான்.

பாட்டின் பெயர் 'மேபலின் மஞ்சள் ட்ரக்'. காதலியை ட்ரக்கில் ஏற்றிக்கொண்டு நடனத்துக்குப் போகிற குஷியான பாட்டு. ஆனால் ஆரம்பத்தில் ஸ்டீல் கிதார் அரை நிமிஷம் அழும். அந்த அழுகை உள்ளூர் வானொலி அறிவிப்பாளர் ஹோபர்ட்டுக்குப் பிடித்துப்போயிற்று. தினமும் மதியம், இறந்தவர்களின் பெயர்களை வாசிப்பதற்கு முன்னால் அதைப் போடுவார். வெர்ஜிலின் குரல் எழும் இடத்தில் இசையை அமுக்கிவிட்டுப் பெயர்களுக்குப் போய்விடுவார். பதினோரு வருஷமாக இதே ஏற்பாடு.

"ஒரே ஒரு நாள் என் குரலையும் விடேன்யா," என்று வெர்ஜில் கேட்டுப் பார்த்தார்.

"விட்டா 'ஏறு கண்ணே ஏறு'ன்னு பாடுவ. அதுக்கப்புறம் செத்தவங்க பேரை நான் எந்த மூஞ்சிய வச்சுக்கிட்டு படிக்கிறது?"

நியாயமான கேள்விதான்.

ஆகஸ்ட் மாத மாவட்டச் சந்தையில் பாட்டுப் போட்டி. ஜெயித்தால் கன்ட்ரி பாட்டின் தலைநகரான நாஷ்வில் மேடையில் ஒரு பாட்டு. அறுபது வயது ஆகிவிட்டால் அனுமதி இல்லை. வெர்ஜிலுக்கு அக்டோபரில் அறுபது.

"அந்த அழுகைய வெட்டிட்டு நேரா பாட்டுக்குப் போங்களேன்," என்றாள் மனைவி லொரீன். முழங்கால் வலியால் அவள் சந்தைக்குப் போகவில்லை.

"ஸ்டீல் கிதார் இல்லாம அது கன்ட்ரி பாட்டாடி?"

கோவேறு கழுதைகள் பாரமிழுக்கும் பந்தயம் முடிந்ததும் வெர்ஜில் மேடையேறினார். கிதார் அழத் தொடங்கியது. ஆண்கள் தொப்பியைக் கழற்றினார்கள். யாரோ ராட்டினத்தை நிறுத்தினார்கள். கூட்டம் மொத்தமும் தலை குனிந்து நின்றது. அத்தனை பக்தியின் நடுவே 'ஏறு கண்ணே' என்று பாட வெர்ஜிலுக்கு நா எழவில்லை. கிதார்க்காரர் மறுபடி முதலிலிருந்து வாசித்தார். தலைகள் இன்னும் தாழ்ந்தன.

முன்வரிசையில் தொப்பியை மார்பில் வைத்திருந்த கிழவர் பொறுமை இழந்தார். "பேரைச் சொல்லுப்பா. எவ்வளவு நேரம் நிக்கிறது?"

வெர்ஜிலுக்குப் பாட்டின் வரிகள் மறந்துபோய்விட்டன. நினைவில் இருந்த ஒன்றை மைக்கில் சொன்னார்.

"வெர்ஜில் டாக்கெட். கேனி ஃபோர்க்."

"அடப் பாவமே," என்றது கூட்டத்தின் பின்பகுதி. தொப்பிகள் தலைக்குத் திரும்பின. ராட்டினம் சுற்றியது. பரிசு ஒரு பத்தொன்பது வயதுப் பெண்ணுக்குப் போனது.

வீட்டுக்கு வந்தபோது சாப்பாட்டு மேசையில் மூன்று பெரிய பாத்திரங்கள். துக்க வீட்டில் சமைக்கக் கூடாதென்று அக்கம்பக்கத்தார் கொண்டுவந்தவை. நாலாவதாக ஒரு கோழிக்கறிப் பாத்திரத்தோடு உட்கார்ந்திருந்தார் பக்கத்து வீட்டு ஸ்லோன் அம்மா.

"என்ன வெர்ஜில், நீ சாகலையா?"

"இன்னும் இல்லம்மா."

"அப்ப கோழியத் திருப்பி எடுத்துட்டுப் போயிரவா?"

"இருக்கட்டும்க்கா," என்றாள் லொரீன். "உயிரோட இருக்கறவருக்கும் பசிக்கும்ல."

மறுநாள் மதியம் வானொலியில் கிதார் அழுதது. ஹோபர்ட் இசையை அமுக்கினார்.

"முதலில் ஒரு திருத்தம். வெர்ஜில் டாக்கெட் இறக்கவில்லை. வருந்துகிறோம்."

பதினோரு வருஷத்தில் வெர்ஜிலின் பெயர் வானொலியில் வந்தது அதுவே முதல் தடவை. லொரீன் சத்தத்தைக் கூட்டினாள். அதற்குள் ஹோபர்ட் அடுத்த பெயருக்குப் போய்விட்டார்.