அசையாமல் நின்ற காட்சி

நாட்டியத்தை விட்டு நான் படம் எடுக்க வந்த கதை உங்களுக்குத் தெரியும். இன்று யாழ்ப்பாணத்துத் திருநெல்வேலியில் என் முதல் படத்தைத் திரையிட்டார்கள்.

முடிந்ததும் கம்பஸில் படிக்கிற பிள்ளை ஒருத்தி எழும்பினாள். "அன்ரி, நடுவிலை ஆட்டத்தை நிப்பாட்டிப்போட்டு அவ்வளவு நேரம் அரைமண்டியிலை நிக்கிறியள். அது உடம்பின்ரை மௌனமோ?"

மௌனமா? அது ஹெலிகொப்டர்!

தொண்ணூற்றொன்று, யுத்த காலம். தோட்டவெளியில் நான் ஆட, தோழி சுமதி வீடியோ எடுத்துக்கொண்டிருந்தாள். கமராவின் மைக் பழுது. அதனால்தான் படத்தில் சத்தமே இல்லை.

திடீரென்று பனைகளுக்கு மேலால் ஹெலி வந்தது.

"ஓடாதையடி! ஓடினால் சுடுவாங்கள்!" என்று கத்திய சுமதி, கமராவை ஸ்டாண்டிலேயே விட்டுவிட்டுப் பக்கத்து வாழைகளுக்குள் விழுந்தாள்.

நான் முழங்கால்களை மடித்த அந்த அரைமண்டியில் அப்படியே உறைந்துபோனேன். தொடை நடுங்கியது. காலில் சலங்கை. ஹெலியின் அந்த இரைச்சலுக்குள்ளும், என் சலங்கைச் சத்தம் மேலே இருக்கிறவனுக்குக் கேட்டுவிடும் என்றுதான் பயந்தேன். கால்விரல்களால் மண்ணை இறுக்கிப் பிடித்தேன். ஹெலி வட்டமடித்துத் திரும்பவும் வந்தது.

இன்று திரையில் பார்த்தபோதும் செருப்புக்குள் விரல்கள் மடங்கிக்கொண்டன.

அந்தப் பிள்ளையைப் பார்த்துத் தலையாட்டினேன். "ஓம் பிள்ளை, மௌனந்தான்" என்றேன். எல்லோரும் கைதட்டினார்கள்.

அந்த நாட்களில் வெட்டவெளியில் மூச்சைப் பிடித்துக்கொண்டு அசையாமல் நின்றவர்கள் இதை வாசிக்கிறவர்களில் கனபேர் இருப்பீர்கள். கையைத் தூக்குங்கள். நீங்களும் பரீட்சார்த்தக் கலைஞர்கள்தான். படம் பிடிக்கத்தான் ஆள் இருக்கவில்லை.