முன்னூற்று அறுபத்தாறு பக்கத்தில் ஒரு முகூர்த்தம்

என் மகளின் கலியாணம் ஐந்து வருடம் இழுபட்டதற்கு எங்கள் ஊரில் மூன்று காரணம் சொல்வார்கள்: கடல், யுத்தம், நான். முதலிரண்டும் தத்தம் வேலையை முடித்துக்கொண்டு போய்விட்டன. கைக்கு அகப்பட்டவன் நான் ஒருவன்தான் என்பதால் முழுப் பழியும் என் மேல் விழுந்தது. பழியைக் குறைத்துக்கொள்ள இதை எழுதவில்லை. கணக்குச் சரியாக இருக்கவேண்டும், அவ்வளவுதான்.

நான் கணிதம் படிப்பித்த பாடசாலையில் காலைக் கூட்டத்தின்போது ஒரு பிள்ளை முன்னால் வந்து, உலகத்தில் முன்பு அதே திகதியில் நடந்த ஏதாவதொன்றை வாசிக்கும் வழக்கம் இருந்தது. பிள்ளைகள் பழைய பத்திரிகைத் துண்டுகளைப் பார்த்து வாசித்ததில் ஒரே விஞ்ஞானி ஒரே வருடத்தில் இரண்டு தடவை பிறந்தார். அதிபரிடம் முறைப்பாடு செய்தேன். அவர் அந்தப் பொறுப்பை என் தலையிலேயே கட்டிவிட்டார். முறைப்பாடு செய்பவர்களை அடக்க அவரிடம் இருந்த ஒரே வழி அது. நானூறு பக்கச் சீ.ஆர். கொப்பி ஒன்று வாங்கி எண்ணிப் பார்த்தேன். முன்னூற்றுத் தொண்ணூற்றாறுதான் இருந்தது. நாளுக்கு ஒரு பக்கமாக முன்னூற்று அறுபத்தாறு போதும் என்பதால் கடைக்காரரை மன்னித்தேன்.

ஆரம்பத்தில் எல்லாம் வெளிநாட்டுச் சரக்கு. யாரோ ஆகாயத்தில் பறந்தார், யாரோ ஒரு கிருமியைக் கண்டுபிடித்தார். எழுபத்தெட்டில் வந்த சூறாவளி நவம்பர் இருபத்துமூன்றாம் பக்கத்தில் எங்கள் மட்டக்களப்பை முதன்முதலாக உலக வரலாற்றில் சேர்த்துவிட்டது. அதற்குப் பிறகு எங்களுக்கு வெளியார் உதவி தேவைப்படவில்லை. சுற்றிவளைப்பு, கண்ணிவெடி, ஷெல் என்று உள்ளூர் உற்பத்தியே பக்கங்களை நிரப்பியது. இவற்றைக் காலைக் கூட்டத்தில் வாசிக்கமுடியாது. ஆகவே மேல் வரியில் பிள்ளைகளுக்கு விஞ்ஞானி, கீழ் வரியில் எனக்கு ஊர் என்று பிரித்து எழுதிவந்தேன்.

ஓய்வு பெற்ற மறுவருடம், 2004இல், மகளுக்குக் கலியாணம் பேசி முடித்தோம். அவளுக்கு அப்போது இருபத்தொன்பது வயது. மாப்பிள்ளை கரடியனாற்றுப் பொடியன், ஒரு கந்தோரில் எழுதுவினைஞர். தகப்பன் இல்லை. தொண்ணூறாம் ஆண்டு யாரோ கூட்டிக்கொண்டு போனவர், திரும்பவில்லை. தாய்தான் வயலைச் செய்து பிள்ளையைப் படிப்பித்தவர். எங்கள் பக்கத்தில் பெண் வீட்டைவிட்டுப் போவதில்லை, மாப்பிள்ளைதான் வருவார், வீடும் மகளுக்குத்தான். அதற்காகப் பின்வளவில் எனக்கும் மனைவிக்கும் இரண்டு அறை கட்டிக்கொண்டிருந்தேன். முகூர்த்தம் தை மாதம்.

டிசம்பர் இருபத்தாறு ஞாயிற்றுக்கிழமை, பூரணை விடுமுறையான போயா தினம். கடல் வந்தது. நாவலடியில் கடற்கரையோரம் இருந்த என் மனைவியின் தமையன் மூன்றாம் நாள்தான் கிடைத்தார். தை முகூர்த்தம் போயிற்று.

அடுத்த வருடம் ஒரு சிக்கல் தோன்றியது. அரசாங்கம் டிசம்பர் இருபத்தாறாம் திகதி காலையில் இரண்டு நிமிடம் மௌனமாக நிற்கச் சொன்னது. வீட்டிலோ திவசம் திதிப்படி, அதாவது பூரணைக்கு. பூரணை ஒரு திகதியில் நிற்பதில்லை. ஆகவே மைத்துனர் வருடத்துக்கு இரண்டு தடவை செத்தார். அதில் ஒன்று வருடாவருடம் வேறு பக்கத்தில் போய் உட்கார்ந்தது. உயிரோடு இருந்த காலத்திலும் ஓரிடத்தில் இருக்கமாட்டாத மனிதர் அவர்.

அந்த எரிச்சலில்தான் எனக்கு அந்த யோசனை வந்தது. கீழ் வரி வெறுமையாக உள்ள நாளில் மட்டுமே என் மகளுக்குத் தாலி ஏறவேண்டும். வாழ்நாளெல்லாம் கலியாண நாளைக் கொண்டாடும்போது பக்கத்து வீட்டில் யாரும் ஒப்பாரி வைக்கக்கூடாது. எண்ணிப் பார்த்தேன். நாற்பத்தொரு நாள் தேறியது. நாற்பத்தொன்று தாராளம் என்று நினைத்தேன். ஐயர் அந்த நாற்பத்தொன்றையும் பார்த்துவிட்டு, ஆடியும் மார்கழியும் அட்டமி நவமியுமாகப் பொறுக்கியெடுத்து வைத்திருக்கிறீர்களே என்றார்.

பிறகு இரண்டு வருடம், வாவிக்கு மேற்கே மாப்பிள்ளையின் ஊர்ப் பக்கமான படுவான்கரையில் சண்டை. மாப்பிள்ளை வீட்டார் இடம்பெயர்ந்து வாவியைக் கடந்து வந்து கூடாரத்தில் இருந்தார்கள். நாற்பத்தொன்று பன்னிரண்டாகச் சுருங்கியது. இனியும் குறையாது என்ற துணிவில் மனைவியைக் கூட்டிக்கொண்டு காத்தான்குடிக்குக் கூறைச் சேலை பார்க்கப் போனேன். துணிக்கடைக்காரர் நெடுநாள் பழக்கம். எப்போது கலியாணம் என்று கேட்டார். ஊரில் ஒன்றும் நடக்காத நாட்கள் பன்னிரண்டு வைத்திருக்கிறேன், அதில் ஒன்று என்று பெருமையாக வாசித்துக்காட்டினேன். ஓகஸ்ட் மூன்று என்றதும் அவர் சேலை மடித்த கை நின்றது.

"மூண்டாந் திகதியா, சேர்? அண்டைக்குத்தான் எங்கட வாப்பா இஷாத் தொழுகைக்குப் போனவரு."

தொண்ணூறாம் ஆண்டு அன்றிரவு பள்ளிவாசலுக்குள் துப்பாக்கியோடு புகுந்து, தொழுதுகொண்டு நின்றவர்களைச் சுட்டார்கள். அது எனக்குத் தெரியும். எல்லோருக்கும் தெரியும். என் கொப்பியில் அந்தப் பக்கத்தின் மேல் வரியில், இந்தியாவைத் தேடி மேற்கே போன ஒரு மாலுமி கப்பலேறிய நாள் என்றிருந்தது. கீழ் வரி வெறுமை. ஐந்நூறு வருடத்துக்கு முன் கப்பலேறியவன் என் பக்கத்தில் ஏறியிருக்கிறான், நாலு மைலுக்கு அப்பால் நடந்தது ஏறவில்லை. கடைக்காரர் சேலையின் முந்தானையை விரித்துக்காட்டினார்.

வெட்கத்தோடு ஏறாவூர், ஓட்டமாவடி முஸ்லிம் சிநேகிதர்களையும் விசாரித்தேன். பன்னிரண்டு நான்காயிற்று.

2009 மே மாதம் யுத்தம் முடிந்தது. அதுவும் ஒழுங்காக ஒரு நாளில் முடியவில்லை. பதினெட்டாம் திகதி என்று சிலர் அழுதார்கள், பத்தொன்பதாம் திகதி என்று சிலர் வெடி கொளுத்தினார்கள். ஒரு யுத்தத்துக்கு என்னிடம் இரண்டு பக்கம் செலவு. படலைகளில் கொடி கட்டச் சொன்னார்கள், கட்டினோம். சோதனைச்சாவடியில் வெற்றிக்குப் பாற்சோறு தந்தார்கள். வேண்டாம் என்று சொன்னவர்கள் எத்தனை பேர் என்று வரிசையில் நின்று எண்ணினேன். என்னையும் சேர்த்து ஒருவருமில்லை.

மிச்சம் இரண்டு. அதில் ஒன்று எங்கள் கலியாண நாள். அன்று இந்த ஊரில் ஒரு அனர்த்தமும் நடக்கவில்லை என்று மனைவியிடம் எவ்வளவோ வாதாடினேன். அவள் ஒப்புக்கொள்ளவில்லை.

ஆனி மாதம் மாப்பிள்ளையின் தாய் தனியாகப் பஸ் ஏறி வந்தார். மெலிந்த, விறைப்பான பெண். நெற்றியில் பெரிய குங்குமப் பொட்டு. உடல் கிடைக்காதபடியால் அவர் பொட்டை அழிக்கவுமில்லை, புருசனுக்குத் திவசம் செய்யவுமில்லை. தேநீர் வைப்பதற்கு முதலே விடயத்தைச் சொன்னார். இந்த ஆவணியில் முடியவேண்டும், இல்லாவிட்டால் பொடியனுக்கு வேறு இடம் பார்ப்பார். அவனுக்கும் முப்பத்தாறு வயதாகிவிட்டது. ஐயர் எழுதிக்கொடுத்த துண்டில் ஆவணி முகூர்த்தம் மூன்று இருந்தது.

நான் கொப்பியை எடுத்துவந்து விரித்தேன். முதலாவது நாள்: கண்ணிவெடியில் மாட்டுவண்டி, நான்கு பேர். இரண்டாவது நாள்: சந்தைக்குள் ஷெல். மூன்றாவது நாளுக்கு ஒரு வரிதான் இருந்தது. அதையும் பிசகாமல் வாசித்தேன். "கரடியனாற்றுப் பக்கம் சுற்றிவளைப்பு. ஏழு பேரைக் கூட்டிச் சென்றனர். பெயர் தெரியாது."

அவர் முகத்தை நான் கவனிக்கவில்லை. கவனித்திருக்கவேண்டும். கணக்கு முடியும் தறுவாயில் நான் யாருடைய முகத்தையும் பார்ப்பதில்லை. ஆனாலும் ஒரு நாள் இருக்கிறது என்றேன். நாலு வருடமாகத் தேடியதில் ஒரு கறையுமில்லாத ஒரே பக்கம். பெப்ரவரி இருபத்தொன்பது. மாசி மாதம், கலியாணத்துக்கு உகந்தது. அடுத்தது 2012இல்தான் வரும். வெறும் இரண்டரை வருடம்.

தேநீரோடு வந்த மகள் தட்டத்தை மெதுவாக வைத்தாள்.

"அண்டைக்கு எனக்கு முப்பத்தேழு வயசப்பா. அதையும் அந்தப் பக்கத்தில எழுதி வைங்க."

என் மனைவி சீலைத் தலைப்பால் வாயைப் பொத்திக்கொண்டாள். சிரிப்பா அழுகையா என்று எனக்குப் பிடிபடவில்லை. சம்மந்தியம்மா எழும்பிவிடுவார் என்று பயந்தேன். அவர் எழும்பவில்லை. அந்த மூன்றாவது நாளைத் திரும்ப வாசிக்கச் சொன்னார். வாசித்தேன்.

"ஏழில்ல, சேர். எட்டுப் பேர். எட்டாவது ஆள் என்ட பொடியன்ட அப்பா."

முப்பத்திரண்டு வருடம் கணிதம் படிப்பித்தவனுக்கு அந்தப் பெண் கணக்குத் திருத்தினார். மன்னிக்கவேண்டும் என்றேனா, பேனையைத் தேடினேனா, இப்போது நினைவில்லை. இந்த நாளை அடித்துவிடுகிறேன், வேறு பார்ப்போம் என்று உளறியது மட்டும் நினைவிருக்கிறது.

"அடிக்க வேணாம். அந்த நாளே வைப்பம். பத்தொம்பது வருசமா அண்டைக்கு ஒரு வேலையும் ஓடாம, படலையைப் பாத்துக்கிட்டுக் குந்தியிருக்கன். இந்த வருசமெண்டாலும் எனக்கு அண்டைக்குச் சமையல் வேலை கிடக்கட்டும்."

பிறகு மகளைப் பார்த்து, "உனக்குச் சம்மதமா, புள்ள?" என்று கேட்டார். மகள் ஓம் என்றாள். என்னை ஒருவரும் கேட்கவில்லை. கொப்பியை மூடிவைத்துவிட்டுத் தேநீரைக் குடித்தேன். சீனி போட மறந்திருந்தார்கள்.

கலியாணத்தன்று சம்மந்தியம்மா ஒரு கணமும் சும்மா இருக்கவில்லை. ஆலாத்தி எடுத்தார், சமையற்காரரை ஏசினார், பாயசத்துக்குக் கசுக்கொட்டை காணாது என்று சொல்லி என் மனைவியைக் கடைக்குத் துரத்தினார். என் மனைவியைத் துரத்தக்கூடிய ஒருவரை அன்றுதான் கண்டேன். பின்வளவு இரண்டு அறைக்கும் எங்கள் கட்டிலை எப்போது மாற்றுவது என்பதையும் அவரே தீர்மானித்தார்.

எங்கள் படலைக்கு அன்று பின்னேரம்வரை வந்த வாகனங்கள் பதினாறு. வான், ஓட்டோ, மேளகாரரின் வாகனம், ஐஸ் கொண்டுவந்தது எல்லாம் சேர்த்து. ஒவ்வொன்றின் சத்தத்துக்கும் அவர் கையில் இருந்த வேலையை நிறுத்தி நிமிர்ந்து படலையைப் பார்த்தார். பதினாறுக்கும் பதினாறு. ஆட்கள் இறங்கியதும் திரும்பக் குனிந்துகொண்டார்.

பொழுது சாய்கிற நேரம் கதிரைகளை ஏற்ற லொறி வந்தது. அதற்கும் நிமிர்ந்து பார்த்தார். கொஞ்சம் கூடுதலான நேரம் பார்த்தார். பிறகு கரண்டியைக் கிடாரத்தின் மேல் வைத்துவிட்டு என்னிடம் வந்து, "சேர், நூற்றிருபது கதிரை. நீங்களே நிண்டு எண்ணிக் குடுங்க" என்றார். கண்ணைத் துடைத்தாரா, வியர்வையைத் துடைத்தாரா என்று பார்க்கவில்லை.

கதிரைகளைத் தொட்டுத் தொட்டு எண்ணத் தொடங்கினேன். நாற்பதைத் தாண்டியதும் தவறிவிட்டது. ஒன்றிலிருந்து திரும்பத் தொடங்கினேன்.