நாள் விதைத்த வயல்

இரணைமடுக் குளத்துத் தண்ணீர் பாயும் எங்கள் வயலை, மகனைப் பிரான்சுக்கு அனுப்புவதற்காக ஒற்றி வைத்தோம். ஒற்றிக்கு வட்டி இல்லை, குத்தகையும் இல்லை. காசு தந்தவர் வயலைச் செய்வார், விளைவதெல்லாம் அவருக்கு. வாங்கிய காசைத் திருப்பிக் கொடுத்தால் வயல் திரும்பி வரும். எங்களுக்குக் காசு தந்தவர் பக்கத்து வளவுக்காரர். சின்ன வயதில் மலையகத்திலிருந்து தாய் தகப்பனோடு வந்து இங்கே குடியேறியவர். என் கணவரை வாய் நிறைய அண்ணே என்று கூப்பிடுவார். நல்ல மனிதர். அவர் நல்லவராக இருந்ததுதான் எனக்கு இன்றைக்கும் ஆறாத கோபம். கெட்டவராக இருந்திருந்தால் மண் அள்ளித் தூற்றி மனதை ஆற்றியிருப்பேன்.

அந்த வருடங்களில் என் கணவர் கூலிக்கு உழவு மெசின் ஓட்டினார். ஊரார் வயலையெல்லாம் உழுதார், தன் வயலைத் தவிர. பிறகு அவருடைய சிறுநீரகம் பழுதாகிவிட்டது என்று வவுனியா ஆஸ்பத்திரியில் சொன்னார்கள். இரத்தம் சுத்தம் செய்யப் போய்வருவதே எங்கள் வேலையாயிற்று. ஒருநாள் திரும்பி வரும் பஸ்ஸில், யன்னலுக்கு வெளியே பார்த்தபடி சொன்னார்.

"ஒருக்கா எண்டாலும் என்ர வயலை நானே விதைச்சு வெட்டிப்போட்டுத்தான் சாக வேணும்."

"வாயைக் கழுவுங்கோ" என்றேன். ஆனால் வீட்டுக்கு வந்ததும் மகனுக்குச் சொன்னேன். சாப்பாட்டுக் கடையில் கோப்பை கழுவுகிறவன், அங்கே இங்கே கடன் மாறி ஒற்றிக் காசு முழுவதையும் அனுப்பினான்.

கிளிநொச்சியில் ஒரு சட்டத்தரணி அம்மாவிடம் ஒற்றி உறுதிப் பத்திரத்தைக் காட்டினோம். வாசித்துவிட்டுச் சிரித்தார்.

"எத்தினை வருசம் போனாலும் ஒற்றி ஒற்றிதான் ஐயா. நீங்கள் காசைக் குடுத்தால் அவர் காணியை விடத்தான் வேணும். பயிர் நிண்டால் மட்டும் வெட்டி முடியிற வரைக்கும் பொறுக்க வேணும்."

மாரி மழையோடு வரும் காலபோக விதைப்புக்கு முந்திய நேரம் அது. வயல் வெறுமையாகத்தான் கிடந்தது. வீடு வந்து சேரும்வரை என் கணவர், ஆட்டக்காரி நெல் விதைப்பதா சம்பா விதைப்பதா என்று சின்னப் பிள்ளை மாதிரிக் கேட்டுக்கொண்டே வந்தார். அவருடைய முகத்தில் அப்படியொரு வெளிச்சத்தை நான் கண்டு கனகாலம்.

அடுத்த நாள் காலையில் காசோடு பக்கத்து வளவுக்குப் போனோம். அவர் கதிரை போட்டுத் தேத்தண்ணீர் தந்தார். பிறகு தயங்கித் தயங்கிச் சொன்னார்.

"நேத்து நல்ல நாளுன்னு நாள் விதைச்சிட்டேன் அண்ணே."

நாள் விதைப்பது என்றால், நல்ல நேரம் பார்த்துச் சாமியைக் கும்பிட்டு, வயல் மூலையில் ஒரு பிடி நெல்லைத் தூவுவது. உண்மையான விதைப்பு பிறகுதான். அதை அவரே சொன்னார்.

"ஒரு பிடி நெல்லுதானே அண்ணே. கோழி பொறுக்கிட்டுப் போயிரும். நீங்க காணிய எடுங்க."

என் கணவர் கோப்பையைக் கீழே வைத்தார். "வேண்டாம். சாமியைக் கும்பிட்டுப் போட்ட விதை. நீயே வெட்டு. நான் வெட்டு முடிய எடுக்கிறன்."

நான் அவருடைய தொடையில் கிள்ளினேன். அவர் அசையவில்லை. ஒழுங்கைக்கு வந்ததும், "உங்களுக்கென்ன விசரோ?" என்று கத்தினேன். மகன் தொலைபேசியில் கத்தினான். சட்டத்தரணி அம்மாவும் பொறுமையாகச் சொல்லிப் பார்த்தார்.

"ஒரு பிடி நெல்லைச் சட்டம் பயிர் எண்டு சொல்லாது ஐயா."

"சட்டம் சொல்லாது பிள்ளை. நான் சொல்லுவன்."

அதற்கு மேல் அவரோடு யார் கதைக்கிறது? உரிமை இருந்தது, காசு இருந்தது, விடுகிறேன் என்று அந்த மனிதரும் சொன்னார். இவருக்கு மட்டும் நாள் இருக்கவில்லை. அது எங்கள் எல்லோருக்கும் தெரிந்திருந்தது. அவருக்கும் தெரிந்திருந்தது என்றுதான் நினைக்கிறேன்.

மார்கழியில், நெல்லுக் கதிர் பால் பிடித்து நின்றபோது, அவர் போய்விட்டார். பக்கத்து வளவுக்காரர்தான் பாடைக்கு முதல் தோள் கொடுத்தார். எட்டாம் நாள் சடங்கான எட்டுச் செலவு முடிந்ததும் வந்து, "அக்கா, பயிரோட காணிய எடுத்துக்குங்க, நான் காலத்துக்கும் பாவத்தச் சுமக்க மாட்டேன்" என்று அழுதார். என் கணவர் வேண்டாம் என்றதை நான் எப்படி எடுப்பது? வெட்டி முடியட்டும் என்று சொல்லி அனுப்பினேன்.

வெட்டு முடிந்த பிறகு காசைக் கொடுத்து மீட்பு உறுதி எழுதினோம். சட்டத்தரணி அம்மா அதை வாசித்துக் காட்டினார். என் கணவருடைய பெயருக்கு முன்னால் 'காலஞ்சென்ற' என்று எழுதியிருந்தது. பெண்சாதிக்கும் பிள்ளைக்கும் வயலை மீட்கும் உரிமை வரும், அழியாது என்று ஆறுதலாகச் சொன்னார். தலையாட்டிவிட்டுக் கையெழுத்து வைத்தேன்.

எல்லையைக் காட்டவென்று பக்கத்து வளவுக்காரர் என்னை நேரே வயலுக்குக் கூட்டிப்போனார். அறுத்த தாள்தான் நின்றது. வரம்பில் ஏறியதும் எனக்குள் என்ன வந்ததோ தெரியவில்லை.

"இஞ்சேருங்கோ, வெட்டி முடிஞ்சுது. இனி இதில ஆருடைய விதையும் இல்லை. உங்கட வயல்தான். இறங்குங்கோவன், ஏன் இறங்கிறியள் இல்லை?" என்று வெறும் வயலைப் பார்த்துக் கத்தினேன்.

பக்கத்து வளவுக்காரர் தலைத் துவாயை அவிழ்த்து முகத்தைப் பொத்திக்கொண்டு வரம்பிலேயே குந்திவிட்டார்.