ஞானமுத்து பிடித்த வெளிச்சம்

கண்டி குட்செட் பஸ் நிலையத்தில் கூட்டத்தை விலக்கிக்கொண்டு கலகெதர பஸ்ஸில் ஏறும்போது, என்னை அறியாமல் "பெர்மெஸ்ஸோ" என்று சொல்லிவிட்டேன். கொஞ்சம் வழி விடுங்கள் என்பதற்கு இத்தாலியில் சொல்லும் வார்த்தை. முன்னால் நின்ற ஒரு அம்மா பக்கத்திலிருந்தவரிடம், "டூரிஸ்டா?" என்று கேட்டார். நான் பிறந்தது இந்த ஊரில்தான். பதினொரு வருடமாக இத்தாலியின் டூரின் நகரில் ஒரு வயோதிபரைப் பராமரிக்கிறேன். விடுமுறையில் வந்தும், அன்றைக்கு அவருடைய வேலையாகத்தான் போய்க்கொண்டிருந்தேன்.

அவர் பெயர் எத்தோரே. ஒருகாலத்தில் சினிமா ஒளிப்பதிவாளர். இரண்டாம் உலகப் போர் முடிந்த கையோடு ஸ்டூடியோவில் கேபிள் சுமக்கப் போய், கமராவுக்கு ஃபிலிம் மாட்டும் உதவியாளராகி, ஒரு படப்பிடிப்புக்காகக் கலகெதரவுக்கு வந்தவர். கமராக்காரர் காய்ச்சலில் படுத்துவிட, ஒரு காட்சியை இவரே எடுத்தார். மர நிழலிலிருந்து ஒரு பெண் வெளியே வருகிறாள். அவள் முகத்தில் மெல்ல வெளிச்சம் விழுகிறது. அதற்காக வெயிலைத் திருப்பும் தகட்டைப் பாறைமேல் நின்று பிடித்தவர், ஞானமுத்து என்ற உள்ளூர்த் தொழிலாளி. "இந்தியேத்ரோ, இந்தியேத்ரோ!" என்று இவர் கத்தினார். பின்னால் போ என்று அர்த்தம். பாஷை புரியாவிட்டாலும் கையசைப்பு புரிந்து ஞானமுத்து பின்னால் போனார். பாறை முடிந்துவிட்டது. கால் உடைந்தவரை ஆஸ்பத்திரியில் விட்டுவிட்டு மறுநாளே படக்குழு புறப்பட்டது. அந்த ஒரு காட்சிதான் எத்தோரேயை ஒளிப்பதிவாளர் ஆக்கியது. பிறகு எத்தனையோ படங்கள். கலர் வந்தது, இளையவர்கள் வந்தார்கள், யாரும் கூப்பிடவில்லை. இப்போது தொண்ணூறைத் தாண்டிவிட்டார், பார்வையும் இல்லை. "அவன் என்னைத் திட்டினானா என்று மட்டும் கேட்டு வா" என்று என் கையைப் பிடித்துச் சொல்லியனுப்பினார்.

மாதா கோயிலில் விசாரித்து ஞானமுத்துவின் மகள் வீட்டைக் கண்டுபிடித்தேன். ஞானமுத்து இறந்து பல வருடம். மகள் மேரி அக்கா நான் உட்காரக் கதிரையை இழுத்துப் போட்டார். எத்தோரே கேட்கச் சொன்னதைக் கேட்டேன்.

"அப்பாவுக்குக் கோவமே இல்ல தங்கச்சி. நொண்டிக்கிட்டே தான் நடந்தாரு. ஆனா அந்தப் பொம்பள மொகத்துல உள்ள வெளிச்சம் நான் புடிச்சதுன்னு சாகுற வரைக்கும் சொல்லுவாரு. படம் கண்டிக்கு வரும் வரும்னு பாத்துக்கிட்டே இருந்தாரு. வரவே இல்ல."

அங்கிருந்தே எத்தோரேயை ஃபோனில் வீடியோ மூலம் அழைத்து, அக்கா சொன்னதை அப்படியே இத்தாலிய மொழியில் சொன்னேன்.

"நீ நல்லவள். அதனால்தான் பொய் சொல்கிறாய்" என்றார். பிறகு அழத் தொடங்கினார். சத்தியம் செய்தேன். அவர் நம்பவில்லை.

"ஐயோ, எதுக்கு அழுவுறாரு?" என்று மேரி அக்கா ஃபோன் திரையைத் தொட்டுப் பார்த்தார். "படத்துல அப்பா இருக்காரான்னு கேளுங்களேன்."

கேட்கத் தேவையில்லை. அந்தப் படத்தை எத்தோரேயின் வீட்டில் நான் பார்த்திருக்கிறேன். தகடு பிடிப்பவர் எந்தப் படத்திலும் தெரியமாட்டார்.

"இருக்காரு அக்கா" என்றேன்.

அவர் உடனே நம்பினார். "மொகம் தெரியுதா?"

"அவள் என்ன கேட்கிறாள்?" என்றது ஃபோன். "சொல்லு, என்ன கேட்கிறாள்?"

இரண்டு பாஷையும் தெரிந்த நான், இரண்டிலும் ஒரு சொல் கிடைக்காமல், ஃபோனைப் பிடித்தபடி அவர்கள் நடுவில் உட்கார்ந்திருந்தேன்.