புளிக்காத சோறு

சூறாவளி எங்கள் தென்னைகளை முறித்துப் போட்டதற்கு மறு வருடம் அந்தப் பனிப்புகார் வந்தது. வயலில் விடியற்காலையில் படுத்துக் கிடந்து, வெயில் ஏறக் கலைந்து போகிற புகார் அல்ல. கரைக்கு வராமல், கடலின் மேல் வெள்ளைச் சுவர் எழுப்பியது போல நின்றது. காற்று அடித்தும் அசையவில்லை.

அன்று விடியச் சுபஹு தொழுத கையோடு என் புருஷன் கடலுக்குப் போனார். கூடப் போனது பாண்டிருப்பு ஊர்க் கூட்டாளி ஒருவர். இரண்டு பேருக்கும் ஒரு தோணி. வழக்கம் போல வாழையிலையில் சுடுசோறும் சம்பலும் பொதி கட்டிக் கொடுத்தேன். உச்சிக்கு, லுஹருக்கு முன் வந்துவிடுவேன் என்றார். வரவில்லை.

வயதான கடற்காரர்கள், அந்தப் புகாருக்குள் பொழுது ஓடாது என்றார்கள். அவர்களுடைய வாப்பாமார் காலத்தில் ஒருமுறை வந்ததாம். உள்ளே போன தோணி ஒரு மாதம் கழித்து வந்தபோது, அதில் கிடந்த மீன் இன்னும் துடித்ததாம். பயத்தில் ஒருவரும் தேடிப் போகத் தோணி தள்ளவில்லை.

அந்தக் கதையை நான் இறுக்கிப் பிடித்துக்கொண்டேன். பிடித்துக்கொண்டு ஓரிடத்தில் இருக்கத்தான் முடியவில்லை. அம்மியில் மிளகாயை வைத்துவிட்டு எழும்பிப் போவேன். கிணற்றடிக்குப் போய், வாளியை இறக்காமல் வேலிப் படலைக்குத் திரும்புவேன். கடற்கரைக்குப் போவேன், வருவேன். கிணற்றுக்கும் படலைக்கும் நடுவில் மண்ணில் ஒரு தடமே விழுந்துவிட்டது.

ஆறாம் நாள், கோமாரி ஊருக்குப் போய் வந்த ஒருவர் கரையில் ஒதுங்கியது என்று ஒரு துடுப்பைக் கொண்டு வந்தார். பிடியில் மூன்று வெட்டு. பக்கத்துத் தோணிக்காரர் மாற்றி எடுக்கிறார் என்று நானே கத்தியால் போட்ட வெட்டு.

அவரைப் பெற்ற மாமி வந்து வாசலில் இருந்து அழுதா. அழுது முடித்துச் சொன்னா:

“இனி என்னத்தப் பாக்கிறாய் புள்ள? வெள்ளைய உடுத்து இத்தாவுல இரி.”

“மையித்து கரைக்கு வரல்லியே மாமி?”

“துடுப்பு வந்திரிக்கே!”

“துடுப்புத்தானே வந்திரிக்கு. துடுப்புக்கா நான் நாலு மாசமும் பத்து நாளும் ஆம்பிள கண்ணுல படாம இத்தா இரிக்கிற?”

எங்கள் ஊர்ப்பக்கத்தில் வீடு பெண்ணுக்குத்தான் சொந்தம். என் வீட்டுக்குள் வந்து என்னை ஒருவரும் அதட்ட முடியாது. பள்ளிவாசல் லெவ்வையும் படலையில் நின்று, “துடுப்பச் சாட்சியா எடுக்க ஏலா, பொறுங்க” என்றுதான் சொல்லிவிட்டுப் போனார். நான் பொறுத்திருக்கலாம். ஆனால் அடுத்த வளவில் ஒருத்தி என் காதுபடச் சொன்னாள்:

“மாப்பிள்ள மௌத்தாகி ஒரு கிழமையாகுது. இவ கடக்கரையில உலாத்திறா!”

உலாத்துகிறாள். என் நடத்தையைப் பற்றி அதுவரை எவளும் வாய் திறந்ததில்லை. அந்தச் சொல்லைத் தாங்க முடியாமல், எட்டாம் நாள் அஸர் தொழுகைக்குப் பிறகு நானே வளையலைக் கழற்றி வெள்ளை உடுத்தேன். பெண்கள் ஜன்னலுக்குச் சீலை கட்டினார்கள். கட்டிக்கொண்டே ஒருத்தி சொன்னாள், பாண்டிருப்புக் கூட்டாளியின் மனைவி தாலியைக் கழற்ற மாட்டேன் என்று இருக்கிறாளாம். அதற்குப் பிறகு எனக்குப் பாயில் முள் கிடந்த மாதிரி. இருக்கவும் முடியவில்லை, எழும்பி நடக்கவும் வழியில்லை.

மறுநாள் முற்பகலில் கடற்கரையில் ஒரே இரைச்சல். கொஞ்ச நேரத்தில் படலை திறந்தது. அவர் படலையை லேசாகத் தூக்கித் திறப்பார், மண்ணில் உரசாது. அன்றும் உரசவில்லை.

எனக்குத் துணைக்கு வந்து, வாசலில் படலைக்கு முதுகைக் காட்டி இருந்து அரிசி புடைத்த ஒருத்தி, திரும்பிப் பாராமலே கத்தினாள்:

“ஆம்பிளயள் உள்ளுக்கு வராதீங்க! இத்தாக்காரி இரிக்கா!”

“ஆருட இத்தா?”

“இந்த வீட்டு மனிசன்டதான், வேற ஆருட...” என்று திரும்பினவள், சுளகைப் போட்டுவிட்டு ஓடினாள்.

நான் வெள்ளையோடு வெளியே வந்தேன். அவர் மேலும் கீழும் பார்த்தார்.

“என்னகா இது கோலம்? இப்பதானே போய்த்து வாறன்.”

இடுப்புச் சாரத்தில் தோணி தள்ளிய ஈரம் காயவில்லை. முகத்தில் தாடி வளரவில்லை. புகாருக்குள் போனதும் ஒன்றும் தெரியவில்லையாம், உடனே திரும்பினார்களாம். துடுப்பு சற்று முந்தித்தான் கையை விட்டு நழுவியதாம். அவர் கையில் இருந்த பொதியை வாங்கி அவிழ்த்தேன். இலை வாடவில்லை. சோற்றில் இன்னும் சூடு இருந்தது.

விடுபட்ட எட்டு நாள் தொழுகையையும் கழாவாகத் திருப்பித் தொழச் சொன்னார் லெவ்வை. இவருக்குக் கோபம்.

“நான் ஒரு வக்துத் தொழுகையும் விடல்லியே!”

“நீங்க விடல்ல. நாள்தான் உங்கள விட்டுப் போயிட்டு. தொழுங்க.”

தொழுதார். ஆனால் என்னை விடவில்லை. விருந்துக்கு ஆள் வந்தால் தொடங்கிவிடுவார்: “ஒரு காலப் பொழுது பொறுக்க ஏலாம என்னை மௌத்தாக்கின பொம்புள இவதான்.” எல்லாரும் சிரிப்பார்கள். நானும் சிரிப்பேன். ஒருநாள் கையைப் பிடித்துக் கூட்டிப் போய்க் கிணற்றடித் தடத்தைக் காட்டினேன். “ஆடு கட்டின இடமா?” என்று கேட்டார். “ஓம், ஆடுதான்” என்றேன். அவருக்கு அது ஒரு காலை. எனக்கு எட்டு நாள், அதில் கடைசி ஒரு நாள் வெள்ளையில். அந்த ஒரு நாளுக்கு நான் எவருக்கும் நியாயம் சொல்லி முடிக்கவில்லை.

அதற்குப் பிறகும் பல வருடம் அவர் கடலுக்குப் போனார். அவர் வந்ததும் மீன் பட்டதா என்று நான் கேட்பதில்லை. பொதியை வாங்கி, மீதிச் சோற்றை விரலால் தொட்டு, மூக்கில் வைத்துப் பார்ப்பேன். ஆறிப்போய் லேசாகப் புளிவாடை அடித்தால்தான் எனக்கு மூச்சு வரும்.

“சோறு பழுதாப் போனதுக்குச் சந்தோசப்படுற பொம்புளய நான் எங்கயும் காணல்ல” என்பார்.

நான் சோற்றைக் கோழிகளுக்குப் போடுவேன். ஆனால் ஒன்றைக் கவனித்தேன். எவ்வளவு பசியோடு வந்த நாளிலும், இலையில் ஒரு பிடி மிச்சம் வைத்துத்தான் கொண்டு வருவார்.